தகரச் சத்தம் நின்ற பிறகு

1981 மார்ச் 10, செவ்வாய்க்கிழமை. எழுந்ததும் வழக்கம்போல ரேடியோவைத் திருப்பிவிட்டு வாசல் தெளித்தேன். சந்தவாசலில் எங்களுக்கு ஒரு மாவு மில் உண்டு. எஞ்சினுக்கான பீப்பாயில் தண்ணீர் நிரப்பி, எட்டு மணிக்கு மில்லை ஓட்டினேன். வீட்டுக்காரர் முதல் நாள் புளி வாங்க ஜவ்வாது மலைக்குப் போயிருந்தார். இரவு திரும்பவில்லை. அங்கேயே தங்கியிருப்பார் என்று நினைத்துக்கொண்டேன்.

பதினொரு மணி வாக்கில், அவருக்குப் புளி கொடுக்கும் வெள்ளையன் மலையிலிருந்து வந்தார். எஞ்சின் சத்தத்தில் அவர் சொன்னது எனக்குக் கேட்கவில்லை. "இன்னா? இன்னா?" என்று கத்தினேன். கேட்பேன், பதிலுக்கு நிற்க மாட்டேன். அடுத்த கூடையைக் கொட்டப் போய்விடுவேன். வெள்ளையன் குறுக்கே வந்து நின்றார்.

"அண்ணன் வந்துட்டாராக்கா? நேத்து மத்தியானமே எறங்கிட்டாரே!"

மில்லை அப்படியே நிறுத்தினேன். என் தம்பி துரைசாமியும் தெரு ஆட்களும் சேர்ந்து கிளம்பினோம். கரடி நடமாடும் காடு. அதனால் எங்கள் பக்கத்தில் தகரத்தை அடித்து, கூச்சல் போட்டுக்கொண்டுதான் மலை ஏறுவார்கள். அன்றும் அப்படியே ஏறினோம். எல்லோரையும் மிஞ்சி என் குரல்தான் கேட்டது. எங்கள் குலதெய்வம் படவேட்டு ரேணுகாம்பாள். தாயே, மாவிளக்குப் போடுகிறேன், முடி இறக்குகிறேன், தீ மிதிக்கிறேன். ஒரு வேண்டுதலை முடிக்கும் முன்பே அடுத்ததைத் தொடங்கினேன்.

மலை மேட்டுவரை போய்விட்டு அதே பாதையில் திரும்பினோம். எங்கும் அவரைக் காணவில்லை. வெயில் சாயத் தொடங்கியது.

"நாளைக்கு இன்னும் ஆளுங்கள இட்டுக்கினு வரலாம்க்கா" என்றான் துரைசாமி.

நான் ஒரு பாறையில் உட்கார்ந்துவிட்டேன். நேர்ந்துகொள்ள இனி எதுவும் இல்லை. "அவர் குரலை ஒரு தடவை என் காதில் போடு தாயே" என்று மட்டும் கேட்டேன். உடனே ஓர் எண்ணம் வந்தது. அவள் போட்டாலும் இந்தச் சத்தத்தில் எனக்கு எப்படிக் கேட்கும்? அந்த எண்ணம் என்னுடையது இல்லை. இன்றும் அப்படித்தான் சொல்வேன்.

"தகரத்த நிறுத்துடா."

"கரடி வந்தா நீயா போய் பேசுவ?"

"பேசறேன். எல்லாரும் கம்முனு குந்துங்க."

"அக்கா போட்ட சத்தத்துக்குக் கரடி இந்நேரம் ஆந்திரா போயிருக்கும்" என்றார் வெள்ளையன்.

எல்லோரும் உட்கார்ந்தார்கள். என்னால்தான் உட்கார முடியவில்லை. காதுக்குள் எஞ்சின் ஓடியது. கால் எழுந்து ஓடப் பார்த்தது. வாய் கத்தப் பார்த்தது. மனம் ஒவ்வொரு பள்ளமாக எட்டிப் பார்த்துப் பயந்தது. தாயே, என்னைச் சும்மா இருக்க விடு என்று பல்லைக் கடித்துக்கொண்டேன். மெல்ல எஞ்சின் இரைச்சல் அடங்கியது. சருகு உரசுவது கேட்டது. எங்கோ ஒரு குருவி கத்தியது. அதற்கும் அப்பால், டொக் டொக்... டொக்.

"மரங்கொத்திக்கா" என்றான் தம்பி.

நான் எழுந்துவிட்டேன். மில்லில் பேச்சுக் கேட்காது. தானியம் தீர்ந்ததும் வீட்டுக்காரர் ஸ்பேனரால் பீப்பாயில் இரண்டு தட்டு தட்டி, சற்று விட்டு ஒரு தட்டு தட்டுவார். மில்லை நிறுத்தச் சொல்லும் சைகை அது.

பாதைக்குக் கீழே, வறண்ட ஓடையில் கால் முறிந்து கிடந்தார். கையில் ஒரு கல், பக்கத்தில் விழுந்து காய்ந்த மரம். குரல் அடியோடு போயிருந்தது.

"தகரம் அடிச்சிக்கினே ரெண்டு வாட்டி தாண்டிப் போனீங்க" என்றார், காற்றாக. "இப்பவாச்சும் நின்னியே."

போர்வையில் தூளி கட்டி அவரைக் கீழே இறக்கி ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். நேர்ந்தது அத்தனையும் பிறகு செலுத்திவிட்டேன். இப்போதும் தினமும் மில்லை ஓட்டுவதற்கு முன் விளக்கேற்றி, எதுவும் கேட்காமல் கொஞ்ச நேரம் உட்காருகிறேன். மனம் அடங்குவதில்லை, பரபரக்கத்தான் செய்கிறது. ஆனாலும் உட்காருகிறேன். அம்மாவை நம்புகிறவர்களே, வேண்டுவதை வேண்டிவிட்டு வாயை மூடிக் காத்திருங்கள். அவள் எப்போதோ பதில் சொல்லத் தொடங்கியிருப்பாள்.

அவரைச் சேர்த்த மறுநாள், புதன்கிழமை காலை. ஆஸ்பத்திரியில் ஒரே இரைச்சல். அவர் கண் விழித்தார், உதடு அசைந்தது. "இன்னா வேணும்?" என்று கேட்டேன். கேட்டுவிட்டு, அவர் சொல்லி முடிக்கும்வரை குனிந்தபடியே நின்றேன்.