நண்டுக்குப் பத்துக் கால்

திங்கட்கிழமை தோறும் எங்கள் வீட்டுப் பிரிட்ஜின் கதவில் ஒரு புதிய தாள் ஏறும். அதில் நாலு கட்டங்கள் இருக்கும். நாளுக்கொரு கட்டமாக, மகள் உரத்து வாசிக்கக் கேட்டேன் என்று நான் கையெழுத்துப் போடவேண்டும். இதற்குப் பெயர் லேசெலெக்சே, வாசிப்பு வீட்டுப்பாடம். நோர்வேயின் பேர்கன் நகரில் முதலாம் வகுப்புப் படிக்கும் ஆறு வயது ஆர்த்திக்குக் கொடுத்த பாடம் என்றுதான் முதலில் நினைத்தேன். இரண்டு வாரத்தில் விளங்கிவிட்டது, பாடம் எனக்கு. ஊரில் அப்பா தவணைக்கொரு முறை ரிப்போட்டில் கையெழுத்து வைத்தார். அதற்குமேல் பள்ளிக்கூடம் அவரிடம் எதையும் கேட்டதில்லை. இங்கே இரவுச் சாப்பாட்டுக்கு முன் பதினைந்து நிமிடம் என்னை மகளுக்குப் பக்கத்தில் உட்காரச் சொல்கிறார்கள்.

உட்கார்ந்தேன். மனைவி பவானிக்கு மாலை வேலை என்பதால் வேறு ஆளும் இல்லை. முதல் வாரமே புத்தகத்தில் வீடு என்ற சொல் வந்தது. hjem என்று எழுதியிருந்ததை எழுத்துக்கு எழுத்து சரியாக, “ஹ்ஜெம்” என்று வாசித்துக் காட்டினேன். ஆர்த்தி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். “அப்பா, அந்த முதல் எழுத்தைச் சொல்லக்கூடாது. யெம்!” பன்னிரண்டு வருடமாக இந்த நாட்டில் ஒரு முதியோர் இல்லத்துக் குசினியில் சமையல் வேலை செய்கிறேன். பேச்சில் யாரும் என்னைத் திருத்தியதில்லை. எழுத்துத்தான் என்னைக் காட்டிக்கொடுத்தது. அதன்பிறகு நான் வெங்காயம் வெட்டிக்கொண்டே, “நீ உன்பாட்டுக்கு வாசி” என்று சொல்லிவிட்டுக் கையெழுத்தை மட்டும் போடத் தொடங்கினேன்.

எனக்கு வாசிப்போடு பழைய கணக்கு ஒன்று உண்டு. எங்கள் ஊரான புங்குடுதீவு மடத்துவெளியில் நாங்கள் படித்தபோது வாசிப்பு என்றால் கூட்டமாகக் கத்துவதுதான். முப்பது பேர் ஒன்றாகக் கத்தும்போது தெரியாதவனும் வாயசைத்துத் தப்பிவிடலாம். நான் அப்படித் தப்பியவன். மூன்றாம் வகுப்பில் ஒருநாள் ரீச்சர் என்னைத் தனியே எழுப்பிவிட்டபோது, புத்தகத்தைத் தலைகீழாகப் பிடித்திருந்தேன். பிறகு ஒருமாதிரி எழுத்துப் பிடிபட்டது. அந்த வகுப்பின் சிரிப்பு மட்டும் காதை விட்டுப் போகவில்லை.

மே மாதம் ஆர்த்தியின் ஆசிரியை இங்கிரி என்னைக் கூப்பிட்டார். இங்கே பிள்ளைகள் ஆசிரியரைப் பெயர் சொல்லித்தான் அழைக்கிறார்கள். அதற்கே எனக்கு இன்னும் கூசும். ஆர்த்திக்கு எழுத்தெல்லாம் தெரிகிறது, ஆனால் வாசிக்க மறுக்கிறாள் என்றார். “வீட்டில் எந்த மொழியில் வாசிக்கிறீர்கள்?” என்று கேட்டார். நல்ல பதில் எது என்று எனக்குத் தெரியும் என்று நினைத்தேன். “நோர்வேஜியன் மட்டும்தான்” என்றேன் பெருமையாக. இங்கிரியின் முகம் வாடியது. “உங்கள் மொழியிலேயே வாசியுங்கள், தயவுசெய்து” என்றார். உன் நோர்வேஜியன் போதாது, பிள்ளையைக் கெடுக்காதே என்று சொல்வதாகத்தான் எனக்குக் கேட்டது. கொதித்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

பவானி முழுவதையும் கேட்டுவிட்டு, “அவ நல்லதுக்குத்தானே சொல்லியிருக்கிறா” என்றாள். “தமிழில கதை கேட்டால் பிள்ளைக்கு வாசிக்க ஆசை வரும் எண்டு சொல்லியிருப்பா. உங்கட ரோசம்தான் உங்களுக்கு வேற மாதிரி மொழிபெயர்த்திருக்கு.”

“நீரும் அவவோட சேர்ந்திட்டீர்” என்றேன். பிறகு ஆர்த்தியிடம் ஏன் வாசிக்கிறாயில்லை என்று கேட்டேன். அவள் உடனே சொன்னாள்: “நீங்களும் வாசிக்கிறேல்லைத்தானே.”

யூலை விடுமுறைக்கு மடத்துவெளிக்குப் போனோம். என் தங்கை சுகந்தி பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் முதலாம் வகுப்பு ரீச்சர். மொத்தம் பதினாலு பிள்ளைகள். அதிபரிடம் கேட்டு ஆர்த்தியையும் கூட்டிப்போனாள். நானும் பின்னால் போய், என் கால்கள் அடங்காத ஒரு குட்டிக் கதிரையில் உட்கார்ந்தேன். சுகந்தியின் வகுப்பில் ஒரு பழக்கம் இருந்தது. தாய்மார் தைத்துக்கொடுத்த துணிப்பையில் ஒரு கதைப்புத்தகமும் ஒரு கொப்பியும் நாளுக்கொரு வீட்டுக்குப் போகும். வீட்டில் பிள்ளையோடு சேர்ந்து வாசித்தவர் கொப்பியில் ஏதாவது எழுதவேண்டும். எழுத வராவிட்டால் படம் கீறலாம். அதுவும் வராவிட்டால் காலையில் வந்து வாயால் சொல்லலாம்.

அன்று காலை பையைக் கொண்டுவந்தவர் திவ்யா என்ற பிள்ளையின் தகப்பன் ரவி. கடலால் வந்த கையோடு, சாரம் நனைந்தபடி வகுப்பு வாசலில் நின்றார்.

“ரீச்சர், இந்தப் புத்தகத்தில பிழை கிடக்கு.”

“என்ன பிழை?”

“நண்டுக்குப் பத்துக் கால். இதில எட்டுத்தான் கீறியிருக்கு.”

பதினாலு பிள்ளைகளும் புத்தகத்தின்மேல் விழுந்து எண்ணினார்கள். எட்டுத்தான். ஆர்த்தி நோர்வேஜியனில் ஒருமுறையும் தமிழில் ஒருமுறையும் எண்ணிப் பார்த்தாள். எப்படி எண்ணினாலும் எட்டுத்தான். சுகந்தி வெண்கட்டியை ரவியிடம் நீட்டினாள். அவர் கையைச் சாரத்தில் துடைத்துவிட்டு, கரும்பலகையின் பாதியை அடைத்து ஒரு நண்டைக் கீறினார். பிள்ளைகள் ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, சுகந்தி கீழே எழுதினாள். நண்டுக்குப் பத்துக் கால். முன்கால் இரண்டும் கடிக்கும். கடைசிக் கால் இரண்டும் துடுப்பு. பிறகு எல்லோரும் அதை வாசித்தார்கள். அவர்கள் வாயில் இருந்து வந்த வசனம் என்பதால் ஒருவரும் தடக்கவில்லை. ஆர்த்தியும் விரலை நீட்டி நீட்டி வாசித்தாள். அவளுக்குப் பாதி எழுத்துத் தெரியாது. ஆனால் அங்கே என்ன எழுதியிருக்கிறது என்று நன்றாகத் தெரியும்.

வெளியே வந்ததும் ரவியோடு கதைத்தேன். தன் பள்ளிக்கூடக் காலம் முழுக்க இடம்பெயர்ந்து திரிந்ததிலேயே போய்விட்டது என்றார். “எனக்கு வாசிக்க ஏலாது அண்ணை.” பெயரைச் சொல்வதுபோல அதைச் சாதாரணமாகச் சொன்னார்.

“அப்ப மகளுக்கு எப்பிடிச் சொல்லிக்குடுக்கிறியள்?”

“நான் எங்க சொல்லிக்குடுக்கிறது? பக்கத்தில இருப்பன். அவள் பிழை விட்டா எனக்குத் தெரியாது. நிப்பாட்டினாத் தெரியும். ‘பிறகென்ன நடந்தது?’ எண்டு கேப்பன். அவ்வளவுதான்.”

அவர் சைக்கிளில் ஏறிப் போய்விட்டார். வாசிக்கவே தெரியாத ஒருவர் ஒரு வகுப்பு முழுவதையும் வாசிக்க வைத்துவிட்டுப் போகிறார். ஒரு எழுத்தைப் பிழையாகச் சொன்ன நான் வெங்காயத்துக்குப் பின்னால் ஒளிந்திருந்தேன்.

அந்த வாரமே துணிப்பை எங்கள் முறைக்கு வந்தது. நான் வாசித்தேன், ஆர்த்தி கேட்டாள். தெரிந்த எழுத்து வந்த இடமெல்லாம் முந்திக்கொண்டாள். கொப்பியில் அவளே ஒரு நண்டு கீறினாள். பதினொரு கால். ஒன்று கூடிவிட்டது என்றேன். “இது நோர்வே நண்டு” என்றாள்.

ஓகஸ்டில் பள்ளிக்கூடம் திறந்ததும் அவளருகில் மறுபடி உட்கார்ந்தேன். என் உச்சரிப்புக்கு அவள் சிரித்தாள். நானும் சிரித்தேன். அவள் நின்ற இடத்தில் பிறகென்ன என்று கேட்டேன். முதல் நாள் மூன்று பக்கம், அடுத்த வாரம் முழுப் புத்தகம். இடையிடையே ஊரிலிருந்து வாங்கிவந்த தமிழ்க் கதைகளும் நடந்தன. வாசிக்க மறுத்த பிள்ளை, இப்போது சாப்பிடக் கூப்பிட்டாலும் வருகிறாள் இல்லை. பவானிக்கு அது ஒரு புதிய முறைப்பாடு. எனக்கு அதைக் கேட்கக் கேட்கப் பிடிக்கிறது.

போன மாதம் இங்கிரி திரும்பவும் கூப்பிட்டார். மேசையில் ஆர்த்தியின் கொப்பியை விரித்து, கொஞ்சம் தயக்கத்தோடு ஒரு வரியைக் காட்டினார். Min far leser. “மின் ஃபார் லேசெர்”, என் அப்பா வாசிக்கிறார். வரி சரிதான். ஆனால் மூன்று சொற்களின் கடைசி எழுத்துகளின் தலையிலும் பேனாவால் அழுத்தி வைத்த புள்ளிகள் இருந்தன. “எல்லாப் பக்கத்திலும் இப்படி வைக்கிறாள். கண்ணில் ஏதாவது பிரச்சினையா?” என்று கேட்டார்.

எனக்கு விளங்க ஒரு கணம் எடுத்தது. பிறகு வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். தமிழில் மெய்யெழுத்துக்குப் புள்ளி வைக்காவிட்டால் அதோடு ஓர் அகரம் ஒட்டிக்கொள்ளும், ஊரில் என் தங்கை அவளுக்கு அதைத்தான் சொல்லிக் கொடுத்திருக்கிறாள் என்று விளக்கினேன். புள்ளி இல்லாமல் வாசித்தால் “மின ஃபார லேசெர” என்று ஆகிவிடும். மகள் மிகக் கவனமாகத்தான் எழுதியிருக்கிறாள்.

இங்கிரி அந்த வரியைப் புள்ளிகளோடு உரத்து வாசித்துப் பார்த்தார். “அப்படியானால் இது பிழையா, சரியா?” என்றார். “உங்களுக்குப் பிழை, எங்களுக்குச் சரி” என்றேன். அவர் சிவப்புப் பேனாவை மூடி வைத்துவிட்டார்.

இன்னும் ஒரு வருடத்தில் இந்தப் புள்ளிகள் தாமாக உதிர்ந்துவிடும் என்று எனக்குத் தெரியும். இப்போதைக்கு அந்த வரி அப்படியே கிடக்கிறது. நோர்வேக்காரர் வாசித்தால் புள்ளிகள் அதிகம். எங்கள் ஊரவர் வாசித்தால் எழுத்துகள் அந்நியம். எழுதியவளுக்கு மட்டும் அதில் கூட்டவும் ஒன்றுமில்லை, குறைக்கவும் ஒன்றுமில்லை.