முப்பதில் இருபத்தேழு

நான் சாவதை நானே முதல்முறை பார்த்தது ஒரு திங்கட்கிழமை காலை, இரும்புலியூர் வீட்டு ஹாலில், கையில் காபியோடு. அலுவலகம் கிளம்ப ஒரு மணி நேரம் இருந்தது. முந்தைய நாள் ஆடிய ஆட்டத்தின் பதிவு கம்ப்யூட்டரில் ஓடிக்கொண்டிருந்தது. அதில் ஒருவன் துப்பாக்கியோடு ஒரு மூலையில் நிற்கிறான். யாரோ நடந்து வரும் சத்தம் கேட்கிறது. உடனே அவன் வானத்தைப் பார்க்கிறான். பிறகு தரையைப் பார்க்கிறான். பிறகு சுவரைப் பார்த்தபடி குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிடுகிறான். பின்னாலிருந்து வந்தவன் சாவகாசமாகச் சுட்டுவிட்டுப் போகிறான்.

வேறு யாருடைய ஃபைலையோ திறந்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன். அப்புறம் குரல் கேட்டது. "ஐயோ வந்துட்டான், வந்துட்டான், யாராவது வாங்களேன்." என் குரல்தான்.

எனக்கு வயது நாற்பத்தெட்டு. கிண்டியில் ஒரு கம்பெனியில் கொள்முதல் பிரிவைப் பார்த்துக்கொள்கிறேன். சரக்கு வராமல் மிஷின் நின்றாலும் பதறாத ஆள் என்று அங்கே எனக்குப் பெயர். அந்தப் பெயரை வைத்தவர்கள் யாரும் இந்தப் பதிவைப் பார்த்ததில்லை.

ஆட்டம் இதுதான். ஐந்து பேர் ஒரு பக்கம், ஐந்து பேர் இன்னொரு பக்கம். ஒரு அணி வெடிகுண்டு வைக்க வரும், மற்ற அணி தடுக்கும். செத்தவர்கள் அந்தச் சுற்று முடியும்வரை சும்மா உட்கார்ந்து, உயிரோடிருப்பவனைத் திட்டிக்கொண்டிருக்கலாம். அடுத்த சுற்றில் எல்லோரும் எழுந்துவிடுவோம். சனி, ஞாயிறு மதியம் மூன்று மணிக்கு அவரவர் வீட்டிலிருந்து ஆடுவது எங்கள் வழக்கம். எங்கள் அணிக்குத் தலைவன் என் மனைவியின் தம்பி, இரண்டு தெரு தள்ளி இருக்கிறான். அப்புறம் பன்னிரண்டாம் வகுப்புக்கு இயற்பியல் எடுக்கும் டீச்சர். மெயின் ரோட்டில் சிமென்ட் கடை வைத்திருக்கும், பரம்பரை பரம்பரையாக இந்த ஊர்க்காரர்களான அண்ணன் தம்பி இருவர். ஐந்தாவது நான்.

நான்கு மாதம் முன்பு மாற்றலாகி வந்த வங்கி அதிகாரி ஒருவர் ஆறாவதாகச் சேர்ந்தார். வயது நாற்பது. நன்றாகச் சுடுவார். அதுதான் அவரிடம் எனக்குப் பிடிக்காத ஒரே விஷயம்.

அந்த நேரத்தில்தான் பல்லாவரத்தில் ஒரு கேமிங் சென்டரில் முப்பத்தைந்து வயதுக்கு மேற்பட்டவர்களுக்கான போட்டி என்று மச்சான் செய்தி கொண்டுவந்தான். ஒரு அணிக்கு ஐந்து நாற்காலி. நாங்கள் ஆறு பேர்.

"மாமா, எல்லாருக்கும் ஒரே ரூல்தான்" என்றான். "ஆளுக்கு மூணு மேட்ச் ரெக்கார்ட் பண்ணுங்க. சனிக்கிழமை எங்க வீட்ல உக்காந்து எல்லாருதும் பாப்போம். யாரு உக்காரணும், யாரு நிக்கணும்னு அதுவே சொல்லிடும்."

அவன் எல்லோருக்கும் பொதுவாகச் சொன்ன மாதிரிதான் இருந்தது. ஆனால் சொல்லும்போது என்னை மட்டும் பார்க்காமல் சொன்னான்.

சனிக்கிழமை மூன்று மணி எனக்கு எவ்வளவு முக்கியம் என்பதை இங்கே சொல்லிவிடுகிறேன், அப்புறம் சொல்ல வெட்கமாக இருக்கும். அலுவலகத்தில் என்னைக் கூப்பிடுபவர்களுக்கு ஏதாவது கையெழுத்து வேண்டும். வீட்டில் கூப்பிட்டால் சிலிண்டர் மாற்ற வேண்டும். "எங்க இருக்கீங்க, வாங்க ஆடலாம்" என்று என்னைக் கூப்பிடுவது உலகத்தில் அந்த ஒரு இடம்தான். ஓரமாக நின்று கைதட்டும் ஆறாவது ஆளாக இருக்க எனக்குத் தெரியாது.

இவ்வளவு நாளும் நான் செத்ததற்கெல்லாம் காரணம் தயாராக இருந்தது. நெட்வொர்க். "நெட் போச்சு" என்று மைக்கில் ஒரு குரல் கொடுத்தால் யாரும் மேற்கொண்டு கேட்க மாட்டார்கள். தாம்பரம் பக்கம் குடியிருப்பவன் சொன்னால் நம்புவார்கள். பதிவு அந்த வசதியைக் கெடுத்துவிட்டது. திரையின் மூலையில் இணைப்பு எப்படி இருக்கிறது என்று ஒரு எண் ஓடும். எண் ஏறினால் இணைப்பு மோசம். என் பதிவில் அது இருபதைத் தாண்டவேயில்லை. நான் "நெட் போச்சு" என்று அலறும்போது பதினெட்டில் நிம்மதியாக நின்றது.

வாரம் முழுவதும் காலையில் உட்கார்ந்து பார்த்தேன். ஒரு நோட்டில் இரண்டு பத்தி போட்டு, எந்தச் சுற்றில் செத்தேன், எதைச் செய்துகொண்டிருக்கும்போது செத்தேன் என்று எழுதினேன். மூன்று ஆட்டத்தில் நாற்பத்தோரு சாவு. அதில் இருபத்தாறு, துப்பாக்கியில் தோட்டா நிரப்பிக்கொண்டிருக்கும்போது. அதுகூடப் பரவாயில்லை. முப்பது தோட்டா கொள்ளும் துப்பாக்கியில் இருபத்தேழு மிச்சம் இருக்கும்போதே ரீலோட் போட்டிருந்தேன். மூன்று தோட்டா சுடுவேன், யாராவது வரும் சத்தம் கேட்கும், உடனே விரல் 'ஆர்' விசைக்குப் போய்விடும். நிரப்ப இரண்டரை வினாடி ஆகும். அதுவரை துப்பாக்கி வெறும் இரும்பு.

கணவன் காலையில் நோட்டும் பேனாவுமாக உட்கார்ந்திருப்பதைப் பார்த்து, ஏதோ பரீட்சை எழுதப்போகிறேன் என்று என் மனைவி இரண்டு நாள் சத்தம் போடாமல் இருந்தாள்.

நோட்டில் உண்மையை எழுதிய கை, வெள்ளிக்கிழமை வேறு வேலை செய்தது. வீடியோவை வெட்டக் கற்றுக்கொண்டேன். மிக மோசமான சாவுகளை எடுத்துவிட்டு, மிதமான சாவுகளை மட்டும் வைத்தேன். கொள்முதலில் இருபது வருடம் இருந்தவனுக்கு எதைக் காட்ட வேண்டும், எதைக் காட்டக்கூடாது என்று தெரியாதா.

சனிக்கிழமை மச்சான் வீட்டில் டிவியில் போட்டுப் பார்த்தோம். என் மனைவியும் வந்திருந்தாள், தம்பி வீடு என்பதால் தட்டு நிறைய போண்டாவோடு. மற்றவர்களுடையது ஓடி முடிந்தது. என்னுடையது ஓடியது. நன்றாகத்தான் இருந்தது. எனக்கே என்மேல் ஒரு மரியாதை வந்தது.

"சார், ஒரு நிமிஷம்" என்றார் டீச்சர். "ஆறாவது ரவுண்டு முடிஞ்சது. அடுத்தது எட்டுன்னு வருது. ஏழு எங்க?"

"அது நெட்டு..."

"நெட்டு போனா ரவுண்டு காணாமப் போகாது சார். பேப்பர் திருத்தறப்போ நடுவுல ஒரு பக்கத்தைக் கிழிச்சு எடுத்த பசங்களை நிறைய பாத்திருக்கேன். ஏழாவது எங்க?"

ஒரிஜினல் என் பென்டிரைவில் இருந்தது. இல்லை என்று சொல்லியிருக்கலாம். ஆனால் என் கை சட்டைப்பையைத் தொட்டுவிட்டது, அதை மச்சான் பார்த்துவிட்டான்.

ஏழாவது சுற்று ஓடியது. நான் ஒருவன்தான் உயிரோடு இருக்கிறேன். எதிரிகளில் ஒருவன் மிச்சம். நான் மூன்று தோட்டா சுடுகிறேன். ஒன்று பட்டு அவன் ஒளிகிறான். இன்னும் ஒன்று பட்டால் முடிந்தது. தோட்டா எண்ணிக்கை இருபத்தேழு காட்டுகிறது. நான் ரீலோட் போடுகிறேன். அவன் வந்து சுடுகிறான். "நெட் போச்சு, நெட் போச்சு, டீச்சர் ஏன் கவர் பண்ணல" என்று என் குரல். டீச்சர் அந்தச் சுற்றில் எப்போதோ செத்திருந்தார். மூலையில் பதினெட்டு.

வங்கி அதிகாரி போண்டாவை மெல்வதை நிறுத்தினார்.

"இன்னா சார் இது" என்றார் சிமென்ட் கடை அண்ணன். "குண்டு தீந்தாதான சார் ரொப்பணும்? இருக்கசொல்லவே இன்னாத்துக்கு ரொப்பிகினுகீறீங்க?"

பதில் என் மனைவியிடமிருந்து வந்தது. அவள் இதற்கு முன் இந்த ஆட்டத்தை ஒரு நிமிடம்கூடச் சேர்ந்தாற்போல் பார்த்ததில்லை.

"லாரித் தண்ணி வந்தா இவரு பண்றது அதானே. டிரம்ல முக்காவாசி இருக்கும். இருந்தாலும் ஹோஸைப் போட்டுட்டு அங்கயே நிப்பாரு. வாசல்ல யாரு கூப்பிட்டாலும் திரும்ப மாட்டாரு, போன் அடிச்சா எடுக்க மாட்டாரு. விளிம்பு வரைக்கும் ரொம்பி வழிஞ்சாதான் நகருவாரு. இங்கயும் ரொம்பற வரைக்கும் நிக்கிறாரு. அதுக்குள்ள சுட்டுட்டுப் போயிடறாங்க."

முதலில் சிரித்தவன் என் மச்சான். அப்புறம் நானும் சிரித்தேன். வேறு வழி இல்லை. அவள் சொன்னது சரி. ஒரு கோடையில் எங்கள் தெருவுக்குப் பதினோரு நாள் லாரி வரவில்லை. அதிலிருந்து பாதி காலியான எதைப் பார்த்தாலும் நிரப்பாமல் நகர மாட்டேன். பைக்கில் அரை டாங்க் பெட்ரோல் இருந்தாலும் பங்க்கைக் கண்டால் வண்டி தானாகத் திரும்பும். ஊறுகாய் பாட்டிலைக்கூட விடுவதில்லை.

"மாமா, ஒரு வாரம் டைம் தரேன்" என்றான் மச்சான். "புதுசா மூணு மேட்ச். வெட்டாம கொண்டு வாங்க. மறுபடியும் வெட்டினீங்கன்னா சென்டருக்கு வரவே வேணாம், வீட்ல டிரம்மைப் பாத்துக்குங்க."

அன்றே அவன் என் வீட்டுக்கு வந்து என் கீபோர்டிலிருந்து 'ஆர்' மூடியைப் பிடுங்கினான். தோட்டா தீர்ந்தால் துப்பாக்கி தானாகவே நிரப்பிக்கொள்ளும், அதனால் அந்த விசை எனக்குத் தேவையில்லை என்பது அவன் வாதம். என் மனைவி மூடியை வாங்கி அஞ்சறைப்பெட்டியில் கடுகுக்குள் போட்டாள், நான் அங்கே தேட மாட்டேன் என்று.

விசை இருந்த இடம், விழுந்த பல்லின் ஈறு மாதிரி இருந்தது. விரல் போகும், குழியைத் தடவும், திடுக்கிட்டுத் திரும்பும். முதல் இரண்டு நாள் அந்தத் திடுக்கிடலிலேயே செத்தேன். தோட்டா எண்ணிக்கை ஒன்பது, எட்டு என்று இறங்குவதைப் பார்க்க முடியாமல் ஒருமுறை கண்ணையே மூடிக்கொண்டேன். அதுவும் பதிவில் இருக்கிறது. கண் மூடியது தெரியாது, நேராகச் சுவரில் போய் முட்டியது தெரியும். புதன்கிழமைக்கு மேல் கொஞ்சம் பழகியது. அடுத்த சனிக்கிழமை கொடுத்த மூன்று ஆட்டத்தில் நிரப்பும்போது செத்தது நான்கு தடவை. இருபத்தாறு எங்கே, நான்கு எங்கே.

மச்சான் யோசித்தான். "சரி மாமா. முதல் பாதி நீங்க. ஆனா அதுல ரீலோட் போட்டுக்கிட்டு ஒரு தடவை செத்தாக்கூட, ரெண்டாவது பாதில சீட்டு அவருக்கு."

வங்கி அதிகாரி பெருந்தன்மையாகத் தலையாட்டினார். "அண்ணா, எனக்கு ஒண்ணும் இல்லண்ணா. நான் பின்னாடி சும்மா நின்னுட்டு இருக்கேன்."

பல்லாவரத்தில் அவர் நின்ற விதத்தைச் சொல்ல வேண்டும். கடைசி ஸ்டேஷனான பீச்சுக்குப் போகும் மின்சார ரயிலில் ஜன்னலோரம் உட்கார்ந்திருப்பவனுக்குத் தெரியும். ஒருவர் வந்து நம் முட்டிக்கு முன்னால் நிற்பார். பையை மேலே வைப்பார். எதுவும் பேசாமல் நம்மையும் வெளியே வரும் ஸ்டேஷனையும் மாறி மாறிப் பார்ப்பார். கடைசியில் "எங்க இறங்குவீங்க?" என்று கேட்டு சீட்டை உறுதி செய்துகொள்வார். வங்கி அதிகாரி சரியாக அப்படித்தான் என் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றார். தோளில் பையும் இருந்தது.

கீபோர்டு சென்டருடையது. அதில் 'ஆர்' இருந்தது, முழுசாக, மூடியோடு. இதை நாங்கள் யாரும் யோசிக்கவில்லை. அடுத்தவர் கீபோர்டில் மூடியைப் பிடுங்கினால் விரட்டிவிடுவார்கள். டீச்சர் கைப்பையைத் துழாவி ஒரு அட்டையை எடுத்தார். கல் வைத்த ஸ்டிக்கர் பொட்டு. ஒன்றை உரித்து 'ஆர்' மேல் ஒட்டினார்.

"கல்லு விரல்ல தட்டுச்சுன்னா தப்பு பண்றீங்கன்னு அர்த்தம் சார்."

பதினொரு சுற்று அந்தக் கல்லோடு போனது. விரல் எத்தனை முறை அதைத் தொட்டது என்று நான் எண்ணவில்லை. ஆறு முறை செத்தேன், ஆறும் யோக்கியமான சாவு. முதல் பாதியின் கடைசிச் சுற்றில் எங்கள் பக்கம் நான் மட்டும், எதிர்ப்பக்கம் ஒருவன். என் துப்பாக்கியில் ஏழு தோட்டா. கதவுக்கு அந்தப் பக்கம் காலடி. பின்னால் நாற்காலியின் முதுகு லேசாக இழுபட்டது. ஏழு. டிரம்மில் கடைசி ஒரு குடம். விரல் கல்லின் மேல் ஏறி உட்கார்ந்தது. என் வாய் மைக்கில் ஏதோ முனகிக்கொண்டிருந்தது.

அவன் கதவில் தெரிந்தான். சுட்டேன். அவனும் சுட்டான். நான் செத்தேன்.

"ரீலோட் போட்டாரு" என்றார் வங்கி அதிகாரி. பையைத் தோளிலிருந்து இறக்கிவிட்டார். "அண்ணா, விரல் அதுமேலதான் இருந்தது. நான் பாத்தேன்."

"பதிவு இருக்குல்ல, போட்டுப் பாத்துடுவோம்" என்றான் மச்சான். இடைவேளை ஐந்து நிமிடம். ஆறு பேரும் என் திரையைச் சுற்றி நின்றோம். எனக்கே உறுதியாகத் தெரியவில்லை. அந்த நேரத்தில் என் விரல் என்ன செய்தது என்று சத்தியம் கேட்டிருந்தால் செய்திருக்க மாட்டேன்.

பதிவு ஓடியது. என் குரல் முதலில் வந்தது. "வேணாம், வேணாம், இருக்கு, இருக்கு, ஏழு இருக்கு, போதும்." கதவு. காலடி. எண் ஏழு. அவன் தெரிகிறான். ஆறு. ஐந்து. நான்கு. துப்பாக்கி கடைசிவரை அவனைப் பார்த்தபடியே இருக்கிறது. விழுகிறேன். தோட்டா எண்ணிக்கை நான்கிலேயே நிற்கிறது. யாரும் எதையும் நிரப்பவில்லை.

"நாலு மிச்சம் வெச்சுகினு செத்தாரு சார்" என்றார் சிமென்ட் கடை அண்ணன். "இதுக்கு மேல இன்னா வோணும்."

வங்கி அதிகாரி பையை எடுத்து மறுபடி தோளில் மாட்டிக்கொண்டார். நாற்காலி முதுகிலிருந்து கையை எடுக்கவில்லை.

"சரிண்ணா" என்றார். "எங்க இறங்குவீங்க?"

நான் நாற்காலியை மேசைக்கு நெருக்கமாக இழுத்துப் போட்டு ஹெட்போனை மாட்டிக்கொண்டேன்.

"பீச்" என்றேன்.