சுண்ணாம்பு தின்ற கட்டைவிரல்

ஊர் ஊராகத் திரிந்து, ஆம்பூரில் தோல் பதனிடும் ஷாப்பில் சுண்ணாம்புத் தொட்டி வேலையில் இருந்தேன். சொந்த ஊரான அணைக்கட்டில் இருந்த அப்பாவின் நிலத்தை விற்க, கூட வேலை செய்த இருவரைச் சாட்சிக்கு அழைத்துக்கொண்டு பத்திர ஆபீசுக்குப் போனேன்.

மை தடவிய கட்டைவிரலைப் பத்திரத்தில் உருட்டினேன். வெறும் மைத்திட்டுதான் விழுந்தது. ரேகையைச் சுண்ணாம்பு தின்றிருந்தது.

ரிஜிஸ்திரார் சாட்சிகளைப் பார்த்தார். "இவன் அப்பன் பேர் என்ன?"

"தெரியாது சாமி. ஷாப்புல பாத்த பழக்கம்தான்."

"ஆள்மாறாட்டமா? மூணு பேரும் ஜெயிலுக்குப் போவீங்க!"

நான்தான் நான் என்று எப்படி நிரூபிப்பது?

அந்நேரம் வேறு பத்திரத்துக்காக வந்த எங்கள் ஊர் மணியக்காரர் என்னை உற்றுப் பார்த்தார். "டேய், சின்னசாமி மவனே! இன்னும் உசுரோடவா கீறே?"

அந்த ஒரு வார்த்தையில் தப்பினேன்.

இப்போது ஊரில் எனக்கு நிலமில்லை. இருந்தும் வருஷா வருஷம் திருவிழாவுக்குப் போய், எல்லாரிடமும் முகம் காட்டிவிட்டு வருகிறேன்.