மதகுப் பலகையும் மோதிர விரலும்

அந்தச் சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. பிஞ்சு அவரைக்காயை இரண்டாக ஒடித்தால் வருமே, அப்படி 'டப்'பென்று ஒன்று. வாய்க்கால் கரையில் நின்றிருந்த எனக்கே கேட்டது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். மதகுப் பலகைதான் விரிசல் விட்டுவிட்டது என்று நினைத்தேன். பலகைக்கு ஒன்றும் ஆகவில்லை. அக்கா தன் இடது கையைத் தண்ணீரிலிருந்து எடுத்து, யாருடைய கையையோ பார்க்கிற மாதிரி பார்த்துக்கொண்டு நின்றாள்.

திருக்காட்டுப்பள்ளிக்குக் கிழக்கே எங்கள் ஊர். அப்பா உழுதது ஒரு மிராசுதாரின் குத்தகை நிலம். உழுகிறவனை நினைத்தபடி நிலத்தைவிட்டு எழுப்பக் கூடாது என்று சட்டம் பேசிய காலம் அது. டீக்கடையில் கறுப்பு சிவப்புக் கரைவேட்டிக்காரர்களும் செங்கொடிக்காரர்களும் போட்டி போட்டுக்கொண்டு, "இனிமே யாருக்கும் பயப்பட வேணாம்" என்பார்கள். பேச்சுக்கா பஞ்சம்? மிராசுதாருக்கும் சட்டம் தெரியுமே. குத்தகை நெல்லை அளக்காதவனை எழுப்பலாம் என்று அதே சட்டத்தில் ஒரு சந்து இருந்தது. விளையாத வயலிலிருந்து நெல்லுக்கு எங்கே போவது? அதனால் எங்கள் தண்ணீர் முறை வரும்போதெல்லாம் அவருடைய ஆட்கள் எங்கள் பக்கத்து மதகில் பலகையை இறக்கி, இடுக்கில் வைக்கோலும் களிமண்ணும் வைத்து இறுக அடைத்துவிட்டுப் போய்விடுவார்கள். கேட்டால், "எங்களுக்கு என்ன தெரியும்?" என்பார்கள். அப்பா கர்ணத்திடம் நடந்தார், தாசில்தாருக்கு மனு கொடுத்தார். மனு ஆபீசில் தூங்கியது, பயிர் வயலில் காய்ந்தது. கதிரை உள்ளே வைத்துப் பொதி கட்டி நின்ற பயிர். அந்த நேரத்தில் தண்ணீர் காட்டவில்லை என்றால் வருவது கதிர் அல்ல, பதர்தான்.

அக்கா அப்போது திருக்காட்டுப்பள்ளியில் தமிழ் டைப்பிங் படித்துக்கொண்டிருந்தாள். ஆபீஸ்களில் எல்லாம் தமிழ் வந்துகொண்டிருந்ததால் தமிழ் டைப் அடிக்கத் தெரிந்தவர்களுக்கு நல்ல கிராக்கி. எங்கள் வம்சத்தில் ஆபீஸ் நாற்காலியில் உட்காரப் போகிற முதல் ஆள் அவள்தான் என்று அப்பா ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தார். அம்மா நான் கைக்குழந்தையாக இருக்கும்போதே போய்விட்டாள். அக்காதான் எனக்கு எல்லாம். படுத்த பிறகு என் முதுகில் 'யளனகப' என்று விரல்களால் அடித்துப் பழகுவாள். "சும்மா இருடி, மெஷின் நகருது" என்று என்னை அதட்டவும் செய்வாள். ஒல்லியான, நீளமான விரல்கள். அந்த விரல்களைப் பார்த்துப் பொறாமைப்பட்டிருக்கிறேன், இப்போது சொல்வதற்கு என்ன.

அன்றைக்குச் சாயங்காலம் அவள் டைப்பிங் முடித்து வந்து பையைக்கூட இறக்கி வைக்கவில்லை. நானும் அவளும் கரையோடு வந்தபோது அப்பா இடுப்பளவு தண்ணீரில் நின்று பலகையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். களிமண்ணை எல்லாம் சுரண்டி எடுத்துவிட்டார். பலகையின் மேல் விளிம்புக்கும் கல்லுக்கும் நடுவில் ஒரு சின்ன இடுக்கு. அவருடைய தடித்த விரல்கள் அதற்குள் போகவில்லை. எங்களைப் பார்த்ததும், "அம்மாடி, உன் வெரலு ஒல்லி. நுனியக் கொடுத்து ஒரு இழுப்பு இழுத்துட்டியானா, மத்தத நான் பாத்துக்குவேன்" என்றார். அக்கா பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கினாள். இரண்டு கை விரல் நுனிகளையும் கொக்கி மாதிரி மடக்கி இடுக்கில் மாட்டி, உடம்பு முழுவதையும் பின்னால் சாய்த்து இழுத்தாள். தண்ணீர் பலகையைக் கல்லோடு அழுத்திக்கொண்டிருந்தது. அப்போதுதான் அந்தச் சத்தம். பலகை அசைந்துகொடுத்தது, அப்பா பிடுங்கி எறிந்தார், தண்ணீர் குபுகுபுவென்று எங்கள் வாய்க்காலில் பாய்ந்தது. "பொழச்சோம்டா சாமி!" என்று அப்பா கத்தினார். அந்தப் போகம் விளைந்தது. நெல்லை அளந்தோம். நிலம் எங்களிடமே நின்றது.

மறுநாள் காலையில் அக்காவின் மோதிர விரல் அடிப்பக்கம் வீங்கிக் கன்றியிருந்தது. அப்பா அவளைச் சைக்கிளில் உட்கார வைத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். படம் எடுத்துப் பார்த்துவிட்டு, "எலும்பு நல்லா இருக்கு, ஒண்ணும் இல்ல, போங்க" என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். ஒன்றும் இல்லை என்று படித்தவர்களே சொன்ன பிறகு அப்பாவுக்கு என்ன சந்தேகம் வரப் போகிறது? நரம்பு பிசகியிருக்கிறது, உருவிவிட்டால் சரியாகிவிடும் என்று முடிவு கட்டினார். வயலில் ஆடு மாடு முதல் ஆள் அம்பு வரை எந்தச் சுளுக்கையும் எங்கள் பக்கத்தில் அப்படித்தான் பார்ப்போம். தினமும் நல்லெண்ணெயைக் காய்ச்சி, உள்ளங்கையிலிருந்து விரல் நுனிவரை அழுத்தி அழுத்தி உருவுவார். பிறகு ஓர் எலுமிச்சம்பழத்தைக் கையில் கொடுத்து, "நல்லா நசுக்கும்மா, நசுக்கினாத்தான் பலம் வரும்" என்பார். அக்காவுக்குக் கண்ணில் தண்ணீர் முட்டும். அப்பாவுக்கும் முட்டும். ஆனாலும் இருவரும் விடவில்லை. பரீட்சை நெருங்கிக்கொண்டிருந்ததே!

வீக்கம் வடிந்தபோது ஒரு புது விஷயம் தெரிந்தது. அக்கா விரலை மடக்கினால் தோலுக்கு அடியில் ஒரு கயிறு எழும்பி நிற்கும். விரல் முழுதாக மடங்காது; உள்ளங்கையைத் தொடுவதற்கு முன்பே பாதி வழியில் நின்றுவிடும். மடங்குகிற அளவுக்கும் வலு இருக்காது. டைப்ரைட்டரில் ஒரு எழுத்தைத் தட்ட எவ்வளவு பலம் வேண்டும் என்று இன்றைக்குக் கம்ப்யூட்டரில் தடவுகிறவர்களுக்குத் தெரியாது. இடது மோதிர விரலுக்கு உரிய எழுத்து 'ள'. அக்கா அடித்த பக்கங்களில் மற்ற எழுத்தெல்லாம் கறுப்பாக விழுந்திருக்க, 'ள' மட்டும் பேய் மாதிரி வெளுத்துத் தெரியும். சில இடங்களில் விழவே விழாது. நடுவிரலால் அதை அடித்துப் பார்த்தாள், வேகம் போயிற்று. பரீட்சையில் தோற்றாள். இன்னொரு தடவை எழுதி, அதிலும் தோற்றாள். அதற்குப் பிறகு அவள் திருக்காட்டுப்பள்ளி பஸ்ஸில் ஏறவில்லை. அடுத்த தெருவிலேயே மாப்பிள்ளை பார்த்துக் கட்டிக்கொடுத்தார்கள்.

அந்த நாற்காலியில் நான் போய் உட்கார்ந்தேன். என்னைக் கட்டாயப்படுத்தி டைப்பிங்கில் சேர்த்ததே அவள்தான். வேலை உத்தரவு வந்த அன்று எனக்குத் திருஷ்டி சுற்றிப் போட்டுவிட்டு, அடுக்களையில் தனியாக இருக்கும்போது மெதுவாகக் கேட்டாள்: "ஏண்டி, உனக்கு 'ள' நல்லா விழுதா?" நான் ஆபீசில் அடித்த முதல் கடிதத்தில் அந்த எழுத்து எத்தனை இடத்தில் வந்ததோ, அத்தனை இடத்திலும் எனக்கு அழுகை வந்தது. அதை அவளிடம் சொல்லவில்லை. சொன்னால் திட்டுவாள்.

தஞ்சாவூருக்கு மாற்றலான பிறகு, கைக்கு என்றே தனியாகப் படித்த ஒரு டாக்டரம்மாவிடம் அவளை இழுத்துக்கொண்டு போனேன். குளிர் காலத்தில் அந்த விரல் கடுத்து அவளைத் தூங்கவிடாது. டாக்டரம்மா விரலை மடக்கச் சொல்லி, எழும்பிய கயிற்றைத் தொட்டுப் பார்த்தார். "பாவாடை நாடா தெரியும்ல? அது மடிப்புக்குள்ள ஓடுறதாலதான் இழுத்தா பாவாடை இறுகுது. வெரல மடக்குற நாரும் அப்படித்தான், எலும்போட ஒட்டி வச்சிருக்கிற சின்னச் சின்ன வளையத்துக்குள்ள ஓடுது. உங்களுக்கு நாரு அறுகல, வளையம் கிழிஞ்சிருக்கு. அதான் நாரு வெளிய தூக்கிட்டு நிக்குது, இழுத்தாலும் வெரலு முழுசா வரமாட்டேங்குது." அந்தக் காலத்துப் படத்தில் எலும்பு மட்டும்தான் தெரிந்திருக்கும், வளையம் தெரிந்திருக்காது என்றும் சொன்னார். பிறகு, "அடிபட்டப்ப என்ன பண்ணீங்க?" என்று கேட்டார். அக்கா உருவிவிட்டதையும் எலுமிச்சம்பழத்தையும் சொன்னாள். டாக்டரம்மா பேனாவை மூடினார். "முதல்ல ஒரு வளையம்தான் போயிருக்கும்மா. மோதிரம் மாதிரி ஒரு பட்டை போட்டு, கொஞ்ச நாள் அழுத்தம் கொடுக்காம வச்சிருந்தா ஒட்டியிருக்கும். பலமா உருவினதுலயும் நசுக்கினதுலயும் மிச்சமும் கிழிஞ்சிருச்சு." இப்போது கணு இறுகிவிட்டதால் ஆபரேஷன் செய்தாலும் பெரிய பலன் இருக்காது என்று சொல்லிவிட்டார்.

பஸ்ஸில் அக்கா ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தாள். நான் மிராசுதாரைத் திட்டினேன், ஆஸ்பத்திரியைத் திட்டினேன், அப்பாவைத் திட்ட வாயைத் திறந்தபோது என் தொடையில் நறுக்கென்று கிள்ளினாள். "அப்பா காதுக்கு இது போச்சுன்னா, உன்ன உண்டு இல்லன்னு பண்ணிடுவேன்" என்றாள். வீட்டு வாசலிலேயே காத்திருந்த அப்பா, "டாக்டரு என்னம்மா சொன்னாரு?" என்று கேட்டதும், அவள் சிரித்த முகமாக, "நீங்க அன்னைக்கு உருவிவிட்டதாலதான் இந்த அளவுக்காவது மடங்குதாம்ப்பா. இல்லேன்னா கட்டையாட்டம் நின்னிருக்குமாம்" என்று ஒரே போடாகப் போட்டாள். அப்பாவின் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். அன்றைக்கே எண்ணெயைக் காய்ச்சினார். அக்காவும் கையை நீட்டினாள். அதற்குப் பிறகு குளிர் வந்தால் இவர் உருவுவதும் அவள் நீட்டுவதும் வழக்கமாகிவிட்டது.

அந்தப் பொய் சும்மா இருக்கவில்லை. தஞ்சாவூர் டாக்டரே மெச்சிய கை என்று தெருவுக்கே பெருமை சொல்லிக்கொண்டிருந்தார் அப்பா. கணுக்கால் பிசகு, தோள் சுளுக்கு என்று ஆட்கள் வரத் தொடங்கினார்கள். அதில் எல்லாம் கெடுதல் ஒன்றும் வரவில்லை, அக்காவும் வாயைத் திறக்கவில்லை. ஒருநாள் பக்கத்து வீட்டுக்காரர் கல்லூரியில் படிக்கிற தன் மகளைக் கூட்டிக்கொண்டு வந்தார். கூட்ட பஸ்ஸில் ஜன்னலின் மேல் விளிம்பை விரல் நுனியால் பற்றிக்கொண்டு நின்றிருக்கிறாள். டிரைவர் பிரேக் போட்டதில் விரலுக்குள் 'டப்'பென்று கேட்டதாம். வலது கை மோதிர விரல். "படம் எடுத்தாச்சு மாமா, எலும்புல ஒண்ணும் இல்லன்னுட்டாங்க. நீங்க கொஞ்சம் பாத்து விடுங்க" என்றார். அப்பா சந்தோஷமாக எண்ணெய்க் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு வந்து அந்தப் பெண்ணின் கையைத் தன் மடியில் வைத்துக்கொண்டார்.

அக்கா அடுக்களையிலிருந்து ஓடி வந்தாள். "வேணாம்ப்பா" என்றாள். அப்பா சிரித்தார். "உனக்கே நான்தானே பாத்தேன்." அக்கா அந்தப் பெண்ணின் கையை அவருடைய மடியிலிருந்து எடுத்துவிட்டாள். "உருவினதாலதான்ப்பா என் கை போச்சு. டாக்டரம்மா அதத்தான் சொன்னாங்க. இந்தப் புள்ளைய உடனே தஞ்சாவூருக்குக் கூட்டிட்டுப் போகச் சொல்லுங்க" என்றாள். பக்கத்து வீட்டுக்காரர் ஒன்றும் புரியாமல் மகளைக் கூட்டிக்கொண்டு எழுந்து போனார். அந்தப் பெண்ணுக்கு மோதிரம் மாதிரி ஒரு பட்டை போட்டார்கள். விரல் நன்றாகத் தேறிவிட்டது. இப்போது எங்கேயோ பேங்கில் வேலை பார்க்கிறாள்.

அவர்கள் போன பிறகு அப்பா எண்ணெய்க் கிண்ணத்தை ஓரமாக நகர்த்தி வைத்தார். பிறகு, "பலகைய இழுக்கச் சொன்னதும் நான், உருவினதும் நான்" என்றார். "தெரிஞ்ச பொறவும் இத்தன வருஷமா கைய நீட்டுனியேம்மா." அக்கா அவர் எதிரில் உட்கார்ந்து இடது கையை நீட்டினாள். "இப்பவும் நீட்டுறேன். உருவுங்க. இனிமே கெட்டுப்போக அதுல என்னப்பா இருக்கு? எனக்கு நல்லாத்தான் இருந்துச்சு" என்றாள். அப்பா தன் இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டார். அடுத்த மாசியில் அவர் கண்ணை மூடும்வரை அக்காதான் அவருக்குச் சோறு கொண்டுவந்தாள். அவள் தட்டை நீட்டினால் அவள் கையிலிருந்து வாங்க மாட்டார். "கீழ வச்சிடும்மா, நான் எடுத்துக்கிறேன்" என்பார்.