கம்பளி போர்த்திய பெட்டி

1950களில் ஆரம்பாக்கத்துக்கு நான் மருமகளாக வந்தபோது, ஊருக்கான நட்சத்திரப் பெட்டி எங்கள் மொட்டைமாடியில்தான் இருந்தது. இரவெல்லாம் விண்மீன் ஒளியை வாங்கிக்கொண்டு, பகலில் ஊரின் நேரத்தை இழுக்காமலும் ஓடாமலும் அது பிடித்துவைக்கும். எனக்கு அதைக் கண்டாலே எரிச்சல். அதன் கறாரால் என் கணவர் தினமும் நின்றபடியே காபியை விழுங்கிவிட்டு ரயிலுக்கு ஓடுவார்.

ஒரு மார்கழியில், "பனியில நனஞ்சிக்கினு கீது, பாவம்" என்று மாமியார் அதற்குத் தன் கம்பளியைப் போர்த்திவிட்டார். மறுநாள் ஊருக்கே காலை நேரம் நீண்டுகொண்டே போனது. ரயில் வரவேயில்லை. கல்யாணத்துக்குப் பிறகு முதல்முறையாக நாங்கள் உட்கார்ந்து, காபி ஆறிப்போகும்வரை பேசினோம். மாமியாரைக் கும்பிடத் தோன்றியது.

பெட்டியைப் பராமரிக்கும் மெக்கானிக் வந்து கம்பளியை எடுத்துப் போட்டு, ஒளியை மறைத்ததற்காகக் கத்திவிட்டுப் போனார்.

அடுத்த மார்கழியில் மாமியார் கம்பளியை என்னிடம் நீட்டினார். "எனக்கு முட்டி வலிக்குது. இந்த வாட்டி நீயே போத்திட்டு வா."