பொலிஸ் கிணற்றில் இறங்கிய குழாய்

இது நடந்தது போன வருடம், மாரி மழை தொடங்குவதற்குச் சற்று முன்னர், மட்டக்களப்பு வாவியின் மேற்குக் கரையான படுவான்கரைப் பக்கத்தில். நான் மின்னணுவியல் படித்தவள். வாவியின் நீர்மட்டத்தை அளந்து, அது சட்டென்று ஏறினாலோ இறங்கினாலோ கைபேசிக்குக் குறுஞ்செய்தி அனுப்பும் கருவிகளைச் செய்து பொருத்துவது என் வேலை. எங்கள் பகுதியில் இதற்குத் தேவை அதிகம். வெள்ளம் ஏறும்போது முகத்துவாரத்து மணல்மேட்டை எப்போது வெட்டித் தண்ணீரைக் கடலுக்கு விடுவது என்பதில் வயல்காரருக்கும் மீன்பிடிகாரருக்கும் ஒருநாளும் ஒத்துவராது.

பார்வைக்கு அந்தக் கருவி அழகான பொருளல்ல. மணிக்கட்டுத் தடிப்பில் ஒரு பிளாஸ்டிக் குழாய். அடியில் நீரை அளக்கும் பாகம், உள்ளே பற்றரி, ஒரு சிம் அட்டை, உச்சியில் சின்ன அன்ரனா. உப்புத் தண்ணீர் உள்ளே போகாமல் இருக்க, சைக்கிள் ரியூபை வெட்டி இறுக்கிச் சுற்றியிருந்தோம். அதை ஒரு பாலத்தின் தூணில், பாதி தண்ணீருக்குள் அமிழும்படி கட்டியிருந்தோம். இப்போது எழுதும்போது எனக்கே சிரிப்பு வருகிறது. கறுப்புக் குழாய், கம்பி, பற்றரி, சிம் அட்டை, பாலத்துக்குக் கீழே!

கருவியைப் பார்த்துக்கொண்டவர் ஒரு படகுக்கார அண்ணன். இடைக்கிடை அவிழ்த்து, ஒட்டியிருக்கும் பாசியையும் சிப்பியையும் சுரண்டிவிட்டுத் திரும்பக் கட்டுவார். அவர் ஒரு காலத்தில் இயக்கத்தில் இருந்தவர். போர் முடிந்து அரசாங்கத்தின் புனர்வாழ்வு முகாமில் இருந்துவிட்டு வந்த பிறகு வாவியும் தோணியும்தான் அவர் வாழ்க்கை.

அன்று காலை, நீர்மட்டம் பூச்சியம் என்று என் கைபேசிக்குச் செய்தி வந்தது. அண்ணன் சுத்தம் செய்கிறார் என்று நினைத்துத் தேநீர் ஊற்றப் போனேன். இரண்டு மணித்தியாலம் கழித்து அவருடைய மனைவி அழைத்தார்.

"தங்கச்சி, இவர பொலிஸ் பிடிச்சிட்டாங்க. பாலத்துக்குக் கீழ குண்டு கட்டின எண்டு ஆரோ சொல்லிக் குடுத்திரிக்காங்க. கொழும்புக்குக் கொண்டு போக வாகனம் வருதாம்கா. அங்க கொண்டு போனா மறுகா நான் எங்க போய்த் தேடுற?"

எனக்குத் தெரிந்த ஒரு பெண் சட்டத்தரணிக்கு அழைத்தேன். அவர் வேறொரு ஊர் நீதிமன்றத்தில் நின்றார். குரலைத் தாழ்த்திச் சொன்னார்:

"எந்தச் சட்டத்துக்குக் கீழ பிடிச்சிரிக்காங்க எண்டு முதல் கேளுங்க. பயங்கரவாதத் தடைச் சட்டம் எண்டு எழுதிக் கைமாத்திட்டாங்க எண்டா, மறுகா பிணை எடுக்கிற லேசில்ல. மாதக் கணக்கில உள்ளுக்கு வெச்சிருவாங்க. எழுத முதல் போய்ச் சேருங்க. நான் வழக்கு முடிஞ்ச உடன வாறன்."

பதற்றம் வந்தால் மனதுக்குள் வரிசை போடுவது என் பழக்கம். எடுத்துப் போக வேண்டியவை: கருவி பொருத்த அரசாங்கம் தந்த அனுமதிக் கடிதம், அடையாள அட்டை, கைபேசி, அதற்கு முழுச் சார்ஜ். செய்யக் கூடாதவை: அழுவது, குரலை உயர்த்துவது, கேட்காத கேள்விக்குப் பதில் சொல்வது. அம்மா மட்டும் வாசலில் மறித்தார். "நீயும் போனா உன்னையும் சேர்த்துப் போடுவாங்க புள்ள." அந்தப் பயம் நியாயமானதுதான். ஆனால் குழாய் என்னுடையது, பொலிஸ் கூட்டுக்குள் அடைபட்டிருப்பவர் அவர். ஸ்கூட்டரை எடுத்தேன்.

பொலிஸ் நிலைய வாசலில் அண்ணனின் மனைவி சோற்றுப் பொதியோடு நின்றார். உள்ளே முதலில் எதிர்ப்பட்டவர் ஒரு சார்ஜன்ட். சிங்களவர், ஆனால் பல வருடம் இங்கேயே வேலை செய்து எங்கள் தமிழையே பேசுகிறவர். லீவு நாளில் அதே பாலத்தில் தூண்டில் போடுவாராம்.

"மிஸ், அது உங்கடயா? நான் அந்தத் தூணுக்குப் பக்கத்திலதான் இவ்வளவு நாளும் தூண்டில் போட்டுக்கொண்டு இருந்திரிக்கன். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே!"

பொறுப்பதிகாரி அண்மையில்தான் இடமாற்றத்தில் வந்தவர். தமிழ் அதிகம் தெரியாது. சார்ஜன்ட் மொழிபெயர்த்தார். எந்தச் சட்டம் என்று கேட்டேன். இன்னும் எழுதவில்லை, மேலிடத்து வாகனம் வந்துகொண்டிருக்கிறது என்றார். குண்டு செயலிழக்கச் செய்பவர்கள் வந்து பார்த்துவிட்டு, உள்ளே வெடிமருந்து இல்லை என்று சொல்லிப் போயிருந்தார்கள். ஆனால் சிம் அட்டையும் பற்றரியும் இருப்பதால், வேறெதையாவது தூரத்திலிருந்து இயக்கவும் இதைப் பயன்படுத்தலாம் என்றும் சொல்லியிருந்தார்கள். தொழில்நுட்பம் படித்தவள் என்ற வகையில் அதை என்னால் மறுக்க முடியவில்லை. பயன்படுத்தலாம்தான்.

குழாய் அவருடைய மேசையில் கிடந்தது. அனுமதிக் கடிதத்தை நீட்டினேன். பொறுப்பதிகாரி நிதானமாக வாசித்தார். "நீர்மட்டக் கருவி ஒன்று பொருத்த அனுமதி என்றுதான் இதில் இருக்கிறது. இந்தக் குழாய்தான் அந்தக் கருவி என்று எனக்கு எப்படித் தெரியும்? பிடிபட்ட ஆள் யார் என்று உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும் சேர். என்ர கருவிய நம்பி அவரிட்டதான் குடுத்திரிக்கன்" என்றேன்.

அவர் கேட்டது நியாயமான கேள்வி என்பதுதான் எனக்குத் துணிவு தந்தது. கருவி என்ன செய்கிறது என்பதைக் கருவியாலேயே காட்டலாமே! என் கைபேசியில் செய்தி பெறுபவர்களின் வரிசையைத் திறந்து, அவருடைய எண்ணைக் கேட்டேன். சார்ஜன்ட் அதை மொழிபெயர்க்கத் தயங்கினார். நான் கேட்டதைச் சொல்லும்படி பொறுப்பதிகாரி அவரை வற்புறுத்தினார். பிறகு எண்ணைச் சொன்னார்.

"இப்ப இதத் தண்ணிக்குள்ள வெச்சா உங்களுக்கு மெசேஜ் வரும்" என்றேன்.

ஒரு வாளி கொண்டுவந்தார்கள். போதவில்லை. ஒரு முழத்துக்கு மேல் நீர் ஏறினால்தான் செய்தி போகும்படி நானே அமைத்திருந்தேன். ஆழமாக வேறென்ன இருக்கிறது என்று கேட்டேன். சார்ஜன்ட் பின்பக்கம் கையைக் காட்டினார். அங்கே ஒரு கிணறு.

"குடிக்கிற தண்ணிக்குள்ளயா?" என்று ஒரு கான்ஸ்டபிள் பாய்ந்து வந்தார்.

"விடு தம்பி," என்றார் சார்ஜன்ட். "வெடிச்சாலும் கிணறுதான் ஆழமாகும். கோடையில தண்ணிக் கஷ்டம் இரிக்காது."

கூட்டுக்குள் இருந்து ஒரு சிரிப்புச் சத்தம் கேட்டது. கம்பிக்குப் பின்னால் அண்ணன் எழும்பி நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அந்தச் சிரிப்பு எனக்குத் தெம்பாக இருந்தது.

குழாயைக் கயிற்றில் கட்டி இறக்கினேன். பாதி அமிழ்ந்தது. எல்லோரும் பொறுப்பதிகாரியின் கையில் இருந்த கைபேசியைப் பார்த்தோம். ஒன்றும் வரவில்லை. இன்னும் கொஞ்சம் காத்திருந்தோம். ஒன்றுமே வரவில்லை. வாசல் பக்கம் வாகனச் சத்தம் கேட்டது. மேலிடத்து ஜீப் வந்துவிட்டது. பொறுப்பதிகாரி கைபேசியைச் சட்டைப் பைக்குள் போட்டுத் திரும்பினார்.

மனதுக்குள் வரிசையைப் போட்டேன். பற்றரி இருக்கிறது. அளக்கும் பாகம் வேலை செய்கிறது, காலையில் பூச்சியம் அனுப்பியிருக்கிறதே. மிச்சம் இருப்பது சிக்னல். நாங்கள் நிற்பது கிணற்றுக்கு மேலே, அன்ரனா இருப்பது கிணற்றுக்கு உள்ளே. நாலு பக்கமும் கட்டிய சுவருக்குள் எங்கே சிக்னல்!

"சேர், ஒரு நிமிசம் நில்லுங்க. இப்ப மேல எடுக்கிறன். அது உள்ளுக்க அளந்தத ஞாபகத்தில வெச்சிரிக்கும். வெளிய வந்த உடன அனுப்பும்" என்று சொல்லிக் கயிற்றை இழுத்தேன்.

குழாய் கிணற்றுக்கட்டில் சொட்டச் சொட்ட நின்றது. பொறுப்பதிகாரியின் சட்டைப் பை அதிர்ந்தது. ஒரு தரம். உடனே இன்னொரு தரம்.

செய்தி தமிழில் இருந்தது. சார்ஜன்ட் எழுத்துக்கூட்டி வாசித்தார். "நீர்மட்டம் ஏறியுள்ளது, கவனம். அடுத்தது... நீர்மட்டம் பூச்சியம்." வாசித்துவிட்டுப் பொறுப்பதிகாரிக்குச் சிங்களத்தில் சொன்னார். "சேர், இது எங்கட கிணத்தத்தான் சொல்லுது."

பொறுப்பதிகாரி என் கையிலிருந்த கயிற்றை வாங்கினார். தானே இறக்கினார், பொறுத்தார், தானே இழுத்தார். கைபேசி மறுபடி அதிர்ந்தது. மூன்றாவது தரமும் இறக்கினார். அது சோதனைக்காக அல்ல, ஆசைக்காக என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

ஜீப்பில் வந்தவர்களோடு அவர் நீண்ட நேரம் கதைத்தார். ஒருவர் தலையை ஆட்டி மறுத்தது தெரிந்தது. பொறுப்பதிகாரி குழாயைக் காட்டினார், கிணற்றைக் காட்டினார், தன் கைபேசியைக் காட்டினார். பிறகு மேலிடத்துக்கு அழைத்தார். எனக்குத் தெரிந்த அரைகுறைச் சிங்களத்தில் ஒரு வசனம் தெளிவாக விளங்கியது: "இது தண்ணீர் அளக்கும் சாமான் சேர். நானே அளந்து பார்த்தேன்."

ஜீப் வெறுமையாகத் திரும்பிப் போனது. அண்ணனிடம் சாதாரண வாக்குமூலம் ஒன்றைத் தமிழில் எடுத்து, வாசித்துக் காட்டி, வீட்டுக்குப் போகச் சொன்னார்கள். சட்டத்தரணி வந்து சேர்ந்தபோது நாங்கள் வாசலில் நின்று சோற்றுப் பொதியைப் பிரித்துக்கொண்டிருந்தோம்.

அண்ணன் வெளியே வந்ததும் என்னிடம் முதலில் கேட்டது, "தங்கச்சி, குழாய்க்கு ஒண்டும் இல்லத்தானே?" அவர் மனைவி ஒரு கையில் சோற்றுப் பொதி இருக்க, மறுகையால் அவர் தோளில் ஒரு அடி போட்டார். "மனிசன் உசிரோட வந்ததே பெரிய காரியம், இவருக்குக் குழாய்!" அடித்த கையை அவர் தோளிலிருந்து எடுக்காமலே அழத் தொடங்கினார்.

அன்று பின்னேரமே கருவியைத் திரும்பக் கட்டினோம். ஒளித்து அல்ல. பாலத்தில் சனம் நின்று பார்க்க, தோணியில் அண்ணன் ஒரு பக்கமும் சார்ஜன்ட் மறுபக்கமுமாக. கட்டுவதற்கு முன் குழாய்க்கு மஞ்சள் நிறம் பூசி, மூன்று மொழியிலும் இன்னதென்று எழுதினோம். மாரியில் வெள்ளம் ஏறிய அன்று செய்தி பொறுப்பதிகாரியின் கைபேசிக்கும் போனது; ஒலிபெருக்கியோடு தாழ்ந்த ஊர்களுக்கு முதலில் போனது பொலிஸ் ஜீப்தான். வட்டை வயல்களுக்குள் நின்ற மாடுகளை ஆட்கள் நேரத்தோடு மேட்டுக்கு ஏற்றிவிட்டார்கள்.

என் படிப்பு எனக்குத் தந்த சந்தோஷங்களில் இதைவிடப் பெரியது இல்லை. அண்ணனோடு அந்த வாசலைத் தாண்டி வெளியே வந்த நிமிடத்தை நினைத்தால் இப்போதும் நெஞ்சு நிமிர்கிறது. ஆனாலும் அந்தப் பயங்கரவாதத் தடைச் சட்டம் இன்னும் இருக்கிறது. அதைக் கையில் வைத்திருந்த ஒரு மனிதர் அன்று கிணற்றடி வரைக்கும் நடந்து வரச் சம்மதித்தார், அதனால் நாங்கள் வென்றோம். நடந்து வர மறுக்கும் ஒருவரிடம் அகப்பட்டாலும் ஒரு அப்பாவி அன்றைக்கே வீட்டுக்குப் போகக்கூடிய நாட்டையே இப்போது நான் கேட்கிறேன். அதைப் பயமில்லாமல் கேட்கும் துணிவு எனக்கு அன்றுதான் வந்தது.