கழுத்தில் ஒரு பழுப்புக் கோடு

காலை ஆறே கால். கடலூரில், என் குளியலறைத் தரையில் ஒரு மரவட்டை சுருண்டு கிடந்தது. விரலால் எடுத்தேன், டிஞ்சர் போன்ற நெடி.

அதே நெடிதான் 2006 ஐப்பசியிலும். சிதம்பரத்து வாடகை வீட்டின் ஓடுகளில் நாளெல்லாம் மழை இறங்கிக்கொண்டிருந்தது. மதியம் தூங்கி எழுந்த என் தங்கை கலாவின் கழுத்தில் பழுப்பாக ஒரு கோடு இருந்தது.

“டேய், புள்ளைய பூரான் கடிச்சிடுச்சுடா!” என்று அம்மா தன் தம்பியைக் கூப்பிட்டாள். பூரான் கடிக்கு எங்கள் வீட்டு வைத்தியம் கருப்பட்டி. அதைக் கலாவின் வாயில் திணித்தாள்.

“நான் செத்துடுவனா மாமா?” கலா அழுதுகொண்டே மென்றாள்.

மாமா தலையணையைத் தூக்கினார். அடியில் கறுப்பாக ஒரு வளையம்.

“பூரான்னா இந்நேரம் ஓடியிருக்கும்க்கா. இது மரவட்டை, கடிக்காது. இவ அதும்மேல படுத்து அழுத்தியிருக்கா. பயந்துபோயி சாற விட்டிருக்கு.”

அம்மா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

“அப்ப கருப்பட்டிய துப்பணுமா?” என்றாள் கலா.

மழைச் சத்தத்துக்குள் எங்கள் சிரிப்பு கேட்டது. வளையம் மெல்ல அவிழ்ந்தது. பூரானுக்குக் கணுவுக்கு ஒரு ஜோடிக் கால், இதற்கு இரண்டு. காற்றில் நெற்பயிர் சாய்வதுபோல் அத்தனை கால்களும் அலையாக நகர்ந்தன.

இன்று விரலைச் சோப்புப் போட்டுக் கழுவினேன். மரவட்டை விட்ட பழுப்புக் கறை போகவில்லை.